தின்பதற்கென்று விற்ற விதை

பெருங்களத்தூர்
ஜனவரி 29

அன்புள்ள கீதா அக்காவுக்கு,

சத்யா எழுதுகிறேன். நீயும் மாமாவும் உதயாவும் நலமாக இருக்க வேண்டும். நான் நலம். உறையைப் பார்த்ததுமே, இந்தக் காலத்தில் தங்கச்சி எதற்குக் கடிதம் எழுதுகிறாள் என்று உனக்குப் பகீரென்றிருக்கும். ஒன்றும் இல்லை, முழுவதும் படி.

போன வருஷம் என் போன் உடைந்ததோடு அதிலிருந்த எண்கள் எல்லாம் போய்விட்டன. புதுசு வாங்கித் தருவதாக இவர் சொல்லியிருக்கிறார். வீட்டிலேயே இருக்கிறவளுக்கு என்ன அவசரம் என்று கேட்கிறார், அதுவும் நியாயம்தான். ஞாயிற்றுக்கிழமை நாம் பேசுவது அவருடைய போனில். அவரே போட்டு, ஸ்பீக்கரில் வைத்து, நடுவில் வைத்துவிட்டுப் பக்கத்திலேயே உட்கார்ந்திருப்பார். உன் எண் எனக்கு மனப்பாடம் இல்லை. ரூர்கேலா முகவரி மட்டும் மறக்கவில்லை. அம்மா இருந்தவரை உனக்கு அனுப்பிய தீபாவளிப் பார்சல் மேல் எழுதியது நான்தானே.

பொங்கலுக்கு அப்பா வரவில்லை. திருநீர்மலை இங்கிருந்து ஆட்டோவில் வருகிற தூரம்தான். ஆனால் ஊருக்குப் போகிறவர்கள் கூட்டத்தில் ஜி.எஸ்.டி ரோடு திணறுகிறது, வராதீங்க மாமா, நாங்களே வர்றோம் என்று இவர் சொல்லிவிட்டார். ஆறாவது மாடியிலிருந்து பார்த்தேன். பஸ்ஸுக்கு நிற்கிறவர்கள் பையும் பிள்ளையுமாக ரோடு வரைக்கும் நின்றார்கள். நாங்கள் போகவில்லை.

காலையில் ஆபீஸுக்குக் கிளம்பும்போது வாசல் இரும்புக் கதவை வெளியிலிருந்து பூட்டிக்கொண்டு போவார். புதுக் கட்டடம், பாதி வீடுகளுக்கு இன்னும் ஆள் வரவில்லை, பயம் இல்லாமல் இருக்கட்டும் என்றுதான். ஒரு சாவி உள்ளே இருக்கலாமே என்று ஒருமுறை கேட்டேன். அதற்குப் பிறகு கேட்பதில்லை. ஹாலில் கேமரா வைத்திருக்கிறார். சத்தமும் அதில் கேட்குமாம். ஒரு நாள் மதியம் உட்கார்ந்து அழுதுகொண்டிருந்தேன், திடீரென்று "சத்யா, மாத்திரை போட்டியா?" என்று பக்கத்தில் குரல் கேட்டது. யாரோ வீட்டுக்குள் வந்துவிட்டார்கள் என்று அலறிவிட்டேன். அவர்தான், ஆபீஸிலிருந்து கேமரா வழியாகப் பேசியிருக்கிறார். நான் அலறியதை அப்பாவிடம் போனில் சொல்லிச் சிரித்தார். அப்பாவும் சிரித்தாரா என்று எனக்குக் கேட்கவில்லை.

சரி, எழுத வந்த விஷயத்துக்கு வருகிறேன். இவர் காலையில் ஓட்ஸ் கஞ்சியில் சூரியகாந்தி விதை போட்டுச் சாப்பிடுவார். உடம்புக்கு நல்லதாம். சூப்பர் மார்க்கெட்டிலிருந்து பாக்கெட்டாக வரும், தோல் நீக்கின பருப்பு. அதைத் தட்டில் கொட்டிப் பார்த்து டப்பாவில் போடுவது என் வேலை. அப்படிப் பார்க்கும்போது நடுவில் சில விதைகள் தோல் உரியாமல் கறுப்புக் கோட்டோடு கிடந்தன. தூக்கிப் போட மனசு வரவில்லை.

துணி துவைக்கிற பால்கனியில் கேமரா இல்லை. அப்பா கொடுத்த துளசித் தொட்டி அங்கேதான் இருக்கிறது. துளசி பட்டுப்போய் மண் மட்டும் இருந்தது. வேறு மண்ணுக்கு நான் எங்கே போவேன்? அதையே கிளறி, அரிசி கழுவின தண்ணீர் ஊற்றி, தோலோடு இருந்ததையும் கொஞ்சம் பருப்பையும் போட்டேன். பருப்பெல்லாம் ஊறி அழுகி நாற்றம் எடுத்தது.

அந்த நாற்றத்தில்தான் அவர் பார்த்துவிட்டார். கோபப்படவில்லை. அங்கேயே நின்று அப்பாவுக்கு போன் போட்டார், நான் கேட்கும்படி. "மாமா, இவ தின்கிற விதையை மண்ணுல புதைச்சு தண்ணி ஊத்திக்கிட்டு இருக்கா. வறுத்து விக்கிற செத்த விதை. அது முளைக்கும்னு உக்காந்து பார்த்துக்கிட்டு இருக்கா. எனக்கே பயமா இருக்கு." பார்த்துக்கங்க மாப்ள என்றார் அப்பா. பாக்கெட்டில் வறுத்தது என்று எங்கும் போடவில்லை அக்கா. படித்துப் பார்த்துத்தான் போட்டேன். ஆனால் அதை நான் யாரிடம் சொல்வது?

அக்கா, நேற்று முளைத்தது. தோலைத் தலையில் மாட்டிக்கொண்டு இரண்டு முளைகள். அதனால்தான் உனக்கு எழுதுகிற தைரியம் வந்தது. உன்னிடமும் அவர் ஏதாவது சொல்லியிருப்பார் என்று தெரியும். என் புத்திக்கு ஒன்றும் ஆகவில்லை.

இதைத் தபாலில் போடுகிறவர் ஏஞ்சல் அக்கா. பக்கத்து வீடு. எங்கள் துணி பால்கனியும் அவர்களுடையதும் ஒட்டினாற்போல, நடுவில் கம்பி. தாம்பரத்தில் ஒரு ஆஸ்பத்திரி மருந்துக் கடையில் வேலை, பிறந்து வளர்ந்ததெல்லாம் பல்லாவரம். நான் மண்ணைக் கிளறிக்கொண்டிருந்தபோது, "இன்னாம்மா, காஞ்ச தொட்டிய நோண்டிக்கினு கீற?" என்று கேட்டார். அவ்வளவுதான் பழக்கம். பதில் எழுதினால் உறையின் பின்பக்கம் இருக்கிற அவருடைய முகவரிக்கு எழுது. எங்கள் முகவரிக்கு வேண்டாம்.

கடிதம் வந்ததை இவரிடம் சொல்லாதே. சொல்வதில் தப்பு ஒன்றும் இல்லை. ஆனாலும் சொல்லாதே.

உதயாவுக்கு என் முத்தம்.

அன்புத் தங்கை
சத்யப்ரியா



பெருங்களத்தூர்
பிப்ரவரி 20

அன்புள்ள அக்காவுக்கு,

உன் பதில் கிடைத்தது. எழுத்து கோணலாக இருக்கும், மன்னித்துவிடு. கண்ணாடி இல்லாமல் தாளில் முகத்தை வைத்து எழுதுகிறேன். ஏன் என்று பிறகு சொல்கிறேன்.

மாத்திரையை வேளை தவறாமல் போடு, மாப்பிள்ளை உன்னைக் கண்ணுக்குள் வைத்துப் பார்க்கிறார், நல்ல மனுஷரைச் சந்தேகப்படாதே என்று எழுதியிருந்தாய். படித்துவிட்டு வாஷிங் மெஷின் பக்கத்தில் அப்படியே உட்கார்ந்துவிட்டேன். உன்மேல் கோபம் இல்லை. உன் இடத்தில் இருந்தால் நானும் அப்படித்தான் எழுதியிருப்பேன். அவர் பேசினால் யாருக்கும் நம்பத்தான் தோன்றும்.

கடிதத்தைப் பற்றிச் சொல்லவில்லை, சத்யா மனசில் ஏதோ இருக்கிற மாதிரி தெரிகிறது, கொஞ்சம் பார்த்துக்கொள்ளுங்கள் என்று மட்டும் அவரிடம் சொன்னதாக எழுதியிருக்கிறாய். அது போதுமாக இருந்தது. அன்றைக்குச் சாயங்காலமே வந்துவிட்டார். ஷூவைக்கூடக் கழற்றாமல் எதிரே உட்கார்ந்து, "கீதா அக்காகிட்ட எப்பப் பேசினே?" என்று கேட்டார். பேசவில்லை என்றேன். மறுபடியும் அதையே கேட்டார். குரல் உயரவே இல்லை. நான் ஒவ்வொரு தடவையும் இல்லை என்று சொல்ல, அவர் அதே குரலில் கேட்டுக்கொண்டே இருந்தார். கடைசியில் எழுந்து வந்து என் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து, தன் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார். "ரொம்ப யோசிக்கிற. கண்ணுக்கு ரெஸ்ட் குடு." அவ்வளவுதான். இதுவரை அடித்ததில்லை அக்கா. அடித்திருந்தால் உனக்குச் சொல்லச் சுலபமாக இருந்திருக்கும்.

மாத்திரை விஷயம். ஆவணியில் குழந்தை கலைந்தபோது நான் அழுதேன், சாப்பிடவில்லை. யாராக இருந்தாலும் அப்படித்தான் இருப்பார்கள். இவர்தான் டாக்டரிடம் கூட்டிப்போனார். தூங்குவதற்கு ஒரு மாத்திரை, கொஞ்ச நாளைக்கு மட்டும், பிறகு திரும்ப வந்து காட்டுங்கள் என்றார் அந்த அம்மா. திரும்பக் கூட்டிப்போகவே இல்லை. மாத்திரை மட்டும் நிற்கவில்லை. அவரே கையில் கொடுத்து, விழுங்கினேனா என்று வாயைத் திறக்கச் சொல்லிப் பார்ப்பார். காலையில் தலை கல் மாதிரி இருக்கும். அட்டையின் பின்பக்கத்தை ஏஞ்சல் அக்காவிடம் காட்டினேன். அவர் முகம் மாறிவிட்டது. டாக்டர் பார்க்காமல் இத்தனை நாளைக்குக் கொடுக்கிற மாத்திரை இல்லை இது, நீயாகச் சட்டென்று நிறுத்தவும் கூடாது, சீக்கிரமே டாக்டரைப் பார்க்க வேண்டும் என்றார். நான் எப்படிப் போவது?

ஏஞ்சல் அக்கா தன் போனைத் தருகிறேன், உன்னோடு பேசு என்கிறார். நீ எழுதிய எண்ணும் அவரிடம் இருக்கிறது. எனக்குத்தான் தைரியம் இல்லை. பால்கனிக் கதவைத் திறந்து வைத்துப் பேசினால் ஹால் வரை கேட்கும். மூடினால், ஏன் மூடினாய் என்று கேமரா கேட்கும். எழுதுவதற்குச் சத்தம் இல்லை.

நீ விதையைப் பற்றியும் எழுதியிருந்தாய். கடைவிதை முளைக்காது, ஏமாந்து போய் மனசைக் கெடுத்துக்கொள்ளாதே என்று. முளைத்துவிட்டது என்று நான் எழுதியதை நீ நம்பவே இல்லை என்று அப்போதுதான் புரிந்தது. இரண்டில் ஒன்றைப் புறா கிள்ளிவிட்டது. இன்னொன்று இப்போது தொட்டியோடு சேர்த்து என் முழங்காலுக்கு வந்துவிட்டது. இலை சொரசொரவென்று உள்ளங்கை அகலம். வாஷிங் மெஷினுக்குப் பின்னால் மறைத்து வைத்திருக்கிறேன். காலையில் கொஞ்ச நேரம் வெயில் வரும், அப்போது வெளியே இழுத்து வைப்பேன். சாயங்காலம் லிஃப்ட் சத்தம் கேட்கும்முன் உள்ளே தள்ளிவிடுவேன். இன்னும் கொஞ்ச நாளில் அது மெஷினைத் தாண்டிவிடும். வளர்வதைப் பார்த்து சந்தோஷப்பட முடியவில்லை. பயமாகத்தான் இருக்கிறது. கிள்ளிவிடலாமா என்று தினமும் கையைக் கொண்டுபோகிறேன், முடியவில்லை. அது இல்லாமல் போனால் அவர் சொன்னதுதான் உண்மை என்று ஆகிவிடும். எனக்கே அப்படித் தோன்ற ஆரம்பித்துவிடும்.

நம்பவில்லை என்றால் ஏஞ்சல் அக்காவைக் கேள், உறையின் பின்பக்கம் அவர் போன் எண்ணும் இருக்கிறது. அவர் தினமும் பார்க்கிறார்.

இனி என்னைப் பற்றி அவரிடம் ஒரு வார்த்தைகூடக் கேட்காதே. ஞாயிற்றுக்கிழமை பேசும்போது சிரித்துப் பேசு. உன் காலைப் பிடித்துக் கேட்டுக்கொள்கிறேன்.

சத்யா



மார்ச் 17

அக்கா,

அவசரமாக எழுதுகிறேன். ஸ்பீடு போஸ்டில் போடச் சொல்கிறேன்.

செடியைப் பார்த்துவிட்டார். மெஷினுக்கு மேலே மொட்டு எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தது. நான் சுவரோடு ஒட்டி நின்றேன். பிடுங்கப் போகிறார் என்று நினைத்தேன். அவர் தொட்டியைத் தூக்கிவந்து ஹால் மூலையில் வைத்து, என்னைப் பக்கத்தில் நிற்கவைத்து, சிரி என்று சொல்லிப் போட்டோ எடுத்தார். கண்ணாடியைத் திருப்பிக் கொடுத்ததே அந்தப் போட்டோவுக்காகத்தான். அதை நம் குடும்ப வாட்ஸ்அப்பில் போட்டதையும், சத்யாவுக்காக நான் நர்சரியில் தேடி வாங்கிய செடி, இதைப் பார்த்துப் பார்த்தே தேறிவருகிறாள் என்று எழுதியதையும் எனக்கே படித்துக் காட்டினார். எல்லோரும் வாழ்த்தியிருக்கிறார்களாம்.

அந்தப் போட்டோவைப் பார்த்த அன்றே நீ ஏஞ்சல் அக்காவுக்கு போன் செய்து அழுதாயாம். சொன்னார். ஜனவரியிலேயே விதை முளைத்தது என்று நான் எழுதிய கடிதம் உன் கையில் இருக்கும்போது, அவர் நர்சரியில் வாங்கினேன் என்கிறார். நீ என்னை நம்பிவிட்டாய் என்று கேட்டதும் எனக்கு வந்தது சந்தோஷமா என்றுகூடத் தெரியவில்லை. இனி அழாதே. நேரம் இல்லை.

புறாத் தொல்லை என்று துணி பால்கனிக்கு வலை அடித்துவிட்டார். ஏஞ்சல் அக்கா பக்கத்துக் கம்பிக்கும் சேர்த்து. இந்தக் கடிதத்தைச் சுருட்டி வலைக் கண் வழியாகத்தான் தள்ள வேண்டும். அதுவும் எத்தனை நாளைக்கு என்று தெரியாது. ஏனென்றால் வீடு மாறப் போகிறோம். கூடுவாஞ்சேரிக்கு உள்ளே, ஏரியைத் தாண்டித் தனி வீடு பார்த்து முன்பணமும் கொடுத்துவிட்டார். ஏப்ரல் பிறந்ததும் போகிறோம். சுற்றிலும் காலி மனைகள்தான், யார் தொந்தரவும் இருக்காது, நீயும் நானும் மட்டும் என்றார். சொல்லும்போது என் தலையைத் தடவிக்கொடுத்தார்.

அங்கே போய்விட்டால் என் குரல் யாருக்கும் கேட்காது அக்கா.

போலீஸுக்குப் போகலாம், நானும் ஜெர்சனும் கூட வருகிறோம் என்கிறார் ஏஞ்சல் அக்கா. ஜெர்சன் அவர் வீட்டுக்காரர். போலீஸ்காரர்கள் வந்து கேட்டால் இவர் மாத்திரைச் சீட்டைக் காட்டுவார், அலறியதைச் சொல்வார், அப்பாவும் ஆமாம் என்பார். பிறகு அவர்கள் போய்விடுவார்கள், நானும் இவரும் இருப்போம். அப்பா ஆமாம் என்று சொல்லாமல் இருந்தால்தான் எனக்கு வழி.

அதனால் நீ அப்பாவிடம் பேசு. போனில் பேசும்போது பக்கத்தில் யாரும் இருக்கக் கூடாது. என் கடிதங்களைப் படித்துக் காட்டு. வருகிற ஞாயிற்றுக்கிழமை அவரை இங்கே வரச் சொல். மற்ற நாளில் வந்தால் கதவு பூட்டியிருக்கும். வருகிறேன் என்று முன்கூட்டிச் சொல்லாமல் வரச் சொல். சொன்னால் நாங்கள் வீட்டில் இருக்கமாட்டோம்.

அப்பா வராவிட்டால் என்ன செய்வது என்று நான் யோசிக்கவில்லை. நீயும் யோசிக்காதே.

சத்யா



திருநீர்மலை
மார்ச் 26

அன்புள்ள அக்காவுக்கு,

அப்பா வீட்டிலிருந்து எழுதுகிறேன். வந்துவிட்டேன் என்று அன்றைக்கே உனக்கு போனில் சொன்னேன், அழுகையில் அதற்கு மேல் பேச வரவில்லை. எப்படி வந்தேன் என்று நீ கேட்டுக்கொண்டே இருக்கிறாய். இங்கே போனில் பேச இன்னும் பழக்கம் வரவில்லை. பேசும்போதெல்லாம் பக்கத்தில் யார் உட்கார்ந்திருக்கிறார்கள் என்று திரும்பிப் பார்க்கிறேன். அதனால் எழுதிவிடுகிறேன்.

ஞாயிறு காலையில் பெல் அடித்தது. இவர்தான் திறந்தார். அப்பா நெற்றியில் நாமத்தோடு, மலைக்கோயில் துளசிப் பிரசாதத்தைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். சொல்லாம வந்துட்டீங்களே மாமா என்று இவர் சிரித்தார். பெருமாளைச் சேவிச்சுட்டு அப்படியே வந்தேன் என்றார் அப்பா. என் பக்கம் பார்க்கவே இல்லை. தன் கடையில் சிமெண்ட் வாங்க வருகிறவரிடம் பேசுவது மாதிரி வெயிலைப் பற்றியும் ரோட்டைப் பற்றியும் இவரோடு பேசிக்கொண்டிருந்தார். நான் காபி போட்டேன்.

இவரே எழுந்து செடியைக் காட்டினார். ஹால் மூலையில் வெளிச்சம் பத்தாமல் தண்டு ஜன்னல் பக்கம் கோணிக்கொண்டு போயிருந்தது, அடி இலைகள் மஞ்சளாகிவிட்டன. "நர்சரியில தேடி வாங்கினேன் மாமா. இதைப் பார்த்துக்க ஆரம்பிச்சதுல இருந்து சத்யா எவ்வளவோ தேவலை."

அப்பா எழுந்து வந்து தொட்டி முன்னால் குனிந்தார். நம் நிலத்தை விற்றதிலிருந்து அவர் மண்ணைத் தொட்டு நான் பார்த்ததில்லை. அன்றும் தொடவில்லை. தொட்டியைத்தான் பார்த்தார்.

"இது நான் கொண்டாந்து குடுத்த துளசித் தொட்டி இல்ல?"

ஆமாம் மாமா, அதில்தான் மாற்றி வைத்தேன் என்றார் இவர்.

"செத்த விதையைப் போட்டுட்டு உக்காந்திருக்கான்னு அன்னைக்கு போன்ல சொன்னீங்களே மாப்ள. இந்தத் தொட்டியிலதானே?"

இவர் சிரித்தார். அது வேற மாமா, அது அப்பவே அழுகிப்போச்சு என்றார். அப்பா நிமிர்ந்து அப்போதுதான் என்னைப் பார்த்தார். எத்தனையோ நாளாக மனசுக்குள் சொல்லிப் பார்த்து வைத்திருந்தது எல்லாம் மறந்துபோனது. கேமராவுக்கு நேராக நிற்கிறோமே என்று மட்டும் ஓடியது.

"அப்பா, என்னைக் கூட்டிட்டுப் போயிடு."

அவ்வளவுதான் வந்தது. இவர் உடனே, "மாத்திரை போடலை மாமா, அதான் இப்படி" என்று உள்ளே எடுக்கப் போனார். அப்பா அங்கேயே நின்றுகொண்டிருந்தார். நம்பப் போகிறாரா, இல்லையா என்று அவர் முகத்தில் தெரியவில்லை. அந்த நேரத்தில் நான் பட்ட பயம் அந்த வீட்டில் இத்தனை நாள் பட்டதைவிட அதிகம். இவர் தண்ணீரும் மாத்திரையுமாகத் திரும்பி வந்தபோது, அப்பா என்னைப் பார்த்து, "உன் செருப்பு எங்கம்மா?" என்று கேட்டார்.

எனக்குத் தெரியவில்லை அக்கா. வெளியே போய் எவ்வளவு நாளாயிற்று. செருப்பை இவர் எங்கே எடுத்து வைத்தார் என்றே தெரியவில்லை. தெரியலப்பா என்றேன். அதைக் கேட்டதும்தான் அப்பாவின் முகம் கலைந்தது. பரவால்ல வா என்று என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார்.

இவர் வாசலை மறித்துக்கொண்டு நின்றார். கத்தவில்லை. இப்ப போனா திரும்பி வர முடியாது சத்யா, யோசிச்சுக்கோ என்று மெதுவாகச் சொன்னார். அப்பாவின் பிடி தளர்வதை நான் உணர்ந்தேன். பொய் சொல்லவில்லை, தளர்ந்தது. அதே நேரம் பக்கத்து வீட்டுக் கதவு திறந்தது. ஏஞ்சல் அக்காவும் ஜெர்சனும் வெளியே வந்து நின்றார்கள். ஏஞ்சல் அக்கா இவரைப் பார்த்து, "இன்னா சார், வழிய உடுங்க. அவங்க அப்பா வூட்டுக்குத்தானே போறாங்க" என்றார். நாலு பேர் பார்க்க நிற்பது இவருக்குப் பிடிக்காது. ஒதுங்கினார். புன்னகையோடு ஒதுங்கினார், அதை மறக்க முடியவில்லை. வெறுங்காலோடு லிஃப்டில் இறங்கி, வெறுங்காலோடு ஆட்டோவில் ஏறினேன்.

திங்கட்கிழமை அப்பா என்னை வேறு டாக்டரிடம் கூட்டிப்போனார். டாக்டர் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டார். மாத்திரையைக் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைத்து நிறுத்தலாம் என்று எழுதிக் கொடுத்திருக்கிறார். உங்க பொண்ணு தெளிவாத்தான் பேசுறாங்க என்று அவர் அப்பாவிடம் சொன்னபோது, அப்பா தலை குனிந்து செருப்பையே பார்த்துக்கொண்டிருந்தார்.

செடியை இவர் தொட்டியோடு லிஃப்ட் பக்கம் குப்பைக்கு வைத்துவிட்டாராம். ஏஞ்சல் அக்கா எடுத்துத் தன் பால்கனியில் வைத்திருக்கிறார். பூத்துவிட்டதாம், சின்னப் பூ, ஒரு தேன்குழல் அளவு. படம் அனுப்பினார். பார்த்தேன். எனக்கு இப்போது அதை நினைக்க நேரம் இல்லை.

ஏனென்றால் இவர் தினமும் வருகிறார். வீட்டுக்கு இல்லை, அப்பாவின் கடைக்கு. கல்லாப்பெட்டி பக்கத்தில் உட்கார்ந்து தண்ணீர்கூடக் குடிக்காமல், நான் என்ன தப்பு செய்தேன் மாமா என்று கண் கலங்குகிறாராம். போகும்போது அப்பாவின் காலைத் தொட்டுக் கும்பிடுகிறாராம். கடைக்கு வருகிறவர்கள் எல்லோரும் பார்க்கிறார்கள். நேற்றுச் சாப்பிடும்போது அப்பா, "மாப்ள முகம் ரொம்ப வாடிப்போச்சும்மா" என்றார். நான் தட்டை எடுத்துக்கொண்டு எழுந்துவிட்டேன்.

வருகிற ஞாயிறு விட்டு அடுத்த ஞாயிற்றுக்கிழமை இரண்டு பக்கத்துப் பெரியவர்களும் இங்கே உட்கார்ந்து பேசப் போகிறார்கள். சித்தப்பா வருகிறார். இவருடைய மாமா கோவிலம்பாக்கத்திலிருந்து வருகிறார். கேமராவை எடுத்துவிடுகிறேன், தனி வீட்டுக்குப் போகவில்லை, சாவியும் தருகிறேன் என்று இவர் எல்லாவற்றுக்கும் சரி சொல்லிவிட்டாராம். இதற்கு மேல் பெண்ணுக்கு என்ன வேண்டும் என்று சித்தப்பா கேட்டாராம். அப்பா பில் புத்தகத்தைப் புரட்டிக்கொண்டிருந்தாராம்.

அக்கா, அதற்குள் நீ வந்துவிடு. உதயாவுக்குப் பரீட்சை என்று தெரியும், மாமாவுக்கு லீவு இல்லை என்று தெரியும். நீ மட்டும் வா. சென்ட்ரலில் இறங்கி, எலெக்ட்ரிக் ட்ரெயினில் பல்லாவரம் வந்தால் அங்கிருந்து பஸ் இருக்கிறது. வந்து யாரிடமும் சண்டை போட வேண்டாம். என்ன பேசுவது என்றும் தயார் செய்துகொண்டு வராதே. அந்தக் கூட்டத்தில் என் பக்கத்தில் உட்கார்ந்தால் போதும்.

நான் தைரியமாகப் பேசுவேன் என்று அப்பா நினைக்கிறார், ஏஞ்சல் அக்காவும் நினைக்கிறார். எனக்கு என்னைத் தெரியும். இவர் எதிரே உட்கார்ந்து, அந்தக் குரலில் சத்யா என்று கூப்பிட்டு, வர்றியா என்று கேட்டால், என் வாய் சரி என்று சொல்லிவிடும். கேட்கிற எல்லோருக்கும் அது நானே சொன்ன மாதிரி இருக்கும். சித்தப்பா எழுந்து காபி கொண்டுவரச் சொல்வார். எல்லாம் முடிந்துபோகும்.

அப்போது நீ அங்கே இருக்க வேண்டும். நானே போகிறேன் என்று சொன்னாலும், சிரித்துக்கொண்டே சொன்னாலும், என்னை அனுப்பிவிடாதே அக்கா.

உன் தங்கை
சத்யா